பதினோராவது டேக்

ஜூன் 22, ஞாயிறு

சர்ச்சில் பூசை முடிந்து வெளியே வந்ததும் ஜெனிஷா அக்கா என் துப்பட்டாவைப் பிடித்து நிறுத்தினாள். ஆவடி குவார்ட்டர்ஸில் எங்களுக்கு இரண்டு பிளாக் தள்ளி இருப்பவள். கல்லூரியில் விஸ்காம் கடைசி வருடம். ஐந்து உணர்ச்சிகளுக்கு ஐந்து குறும்படம் எடுத்துக்கொண்டிருக்கிறாள். ஓர் அறை, ஒரு நாற்காலி, ஒரே ஆள். வசனம் கிடையாது, இசை கிடையாது, நடுவில் வெட்டே கிடையாது. ஒவ்வொரு படமும் நான்கு நிமிடம். கோபமும் வெட்கமும் முடிந்துவிட்டன. அடுத்தது பயம். அதில் நான் நடிக்க வேண்டுமாம்.

"எனக்கு நடிக்கவே தெரியாதுக்கா."

"அதனாலதான்டி உன்னைக் கேக்கறேன். நீ பூசையில வாசகம் வாசிக்கறப்போ பார்த்திருக்கேன். உன் மூஞ்சி எதையும் மறைக்காது, ஆஷ்லி."

அது பாராட்டா என்று வீடு வரும்வரை யோசித்தேன்.

அப்பா டீயை ஊதிக்கொண்டே கேட்டார். "நாலு நிமிஷமா? இந்த டீ ஆறவே ஆறு நிமிஷம் ஆவும். அதுக்குள்ள இன்னா கதை சொல்லுவீங்க?" அம்மாதான், "போய்ட்டு வரட்டுமே, எப்பப் பார்த்தாலும் புக்கும் கையுமா கீறா" என்றாள். சம்மதம்.

ஜூன் 25, புதன்

எனக்குப் பயமானவற்றை எழுதி வரச் சொல்லியிருந்தாள். ஒன்பது எழுதினேன். பல்லி, கெமிஸ்ட்ரி வாய்மொழித் தேர்வு, தண்டவாளத்தைத் தாண்டுவது, லிஃப்ட், இன்னும் ஐந்து. ஜெனிஷா அக்கா ஒன்பதையும் அடித்துவிட்டாள்.

"இதுல எதுவும் பயம் இல்லடி. அலர்ஜி."

ஜூன் 29, ஞாயிறு

எழுதலாமா கூடாதா என்று தெரியவில்லை. இதைச் சொல்லக்கூடாது என்றுதான் அம்மா சத்தியம் வாங்கினாள். எழுதக்கூடாது என்று சொல்லவில்லை.

பீரோ மேல் இருக்கும் பெட்டியிலிருந்து காவிப் புடவையை எடுக்க அம்மா ஸ்டூல் மேல் ஏறினாள். ஆகஸ்டில் வேளாங்கண்ணிக்கு நடந்து போகிறவர்களோடு இந்த வருடம் தானும் போவதாகச் சொல்லியிருந்தாள். நான் ஸ்டூலைப் பிடித்துக்கொண்டிருந்தேன். இடது கையைத் தூக்கியபோது நைட்டியின் கை விலகியது. அக்குளுக்குக் கீழே ஒரு புடைப்பு. ஏதோ ஒட்டியிருக்கிறது என்று நினைத்துத் தட்டிவிடப் போனேன். தோலுக்கு உள்ளே இருந்தது. கெட்டியாக. பெரிய நெல்லிக்காய் மாதிரி.

அம்மா என் கையைத் தள்ளிவிட்டு இறங்கினாள். கதவைத் தாழ் போட்டாள். அப்பா ஹாலில் கிரிக்கெட் பார்த்துக்கொண்டிருந்தார்.

"கொழுப்புக் கட்டிடி. ஈஸ்டர்லேர்ந்து இருக்குது. வலியே இல்ல, தெரியுமா? வலிச்சாத்தான் பயப்படணும்."

"டாக்டர்கிட்ட போலாம்மா."

"காட்டுப்பாக்கம் பெரியம்மாவும் இப்படித்தான் போனா. கத்தி வெச்சாங்க. ஆறே மாசம். கத்தி படாம இருந்திருந்தா இன்னைக்கும் இருந்திருப்பா எங்கக்கா."

பிறகு ஜெபமாலையை என் உள்ளங்கையில் வைத்து மூடினாள். மாதாவிடம் நேர்ந்துகொண்டிருக்கிறாளாம். கடைசி வரைக்கும் நடந்தே போய், கொடியேற்றத்தைப் பார்த்துவிட்டு வந்தால் கட்டி கரைந்துவிடும். கரையாவிட்டால் அப்புறம் டாக்டரைப் பார்க்கலாம். அதுவரை யாருக்கும் தெரியக்கூடாது. அப்பாவுக்குக் கூட.

"நேர்ச்சையை வெளிய சொன்னா பலிக்காது, ஆஷ்லி. நீ சொல்லிட்டு, அதனால பலிக்காமப் போச்சுன்னா?"

நான் மாதா மேல் சத்தியம் செய்தேன்.

என்ன பண்ணியிருக்கேன் நான்? கொடியேற்றம் ஆகஸ்ட் 29. இன்னும் அறுபத்தொரு நாள்.

ஜூலை 1, செவ்வாய்

பள்ளி நூலகத்தில் குடும்ப மருத்துவப் புத்தகம் ஒன்று இருக்கிறது. நூலகத்தைப் பார்த்துக்கொள்ளும் தமிழாசிரியர் கண்ணில் படக் கூடாதென்று அதை அட்லஸுக்குள் வைத்துப் படித்தேன். 214ஆம் பக்கம். "வலி இல்லை என்பதால் அலட்சியம் செய்யக்கூடாது. வலியில்லாத கட்டியைத்தான் உடனே காட்ட வேண்டும்."

மூன்று முறை படித்தேன். மாறவில்லை.

சொன்னால் நேர்ச்சை போய்விடும். சொல்லாவிட்டால் கட்டி வளரும். இரண்டில் எது நடந்தாலும் அது என்னால்தான்.

ஜூலை 5, சனி

அம்மா இப்போது இடது கையால் தண்ணீர்க் கேனைத் தூக்குவதில்லை. அப்பா கவனிக்கவில்லை.

ஜூலை 13, ஞாயிறு

படப்பிடிப்பு. மின்சார ரயிலில் கொரட்டூர் போனோம். ஏரிப் பக்கம் துலுக்கானம் என்பவரின் வீட்டு மாடி போர்ஷன் காலியாக இருக்கிறது. ஜெனிஷா அக்காவின் அப்பாவுக்குத் தெரிந்தவர். வெள்ளைச் சுவர், ஒரு ஜன்னல், ஒரு மர நாற்காலி. கேமரா என்றால் அக்காவின் போன்தான். ஸ்டாண்டில் நிறுத்தினாள். அவள் தோழி ரேகா வெளிச்சத்துக்கு ஒரு வெள்ளைத் தெர்மக்கோலைப் பிடித்துக்கொண்டாள்.

துலுக்கானம் மேலே வந்து சுற்றிப் பார்த்தார். "இன்னாம்மா, சினிமான்னு சொல்லிக்கினு வந்தீங்கோ. ஒரு லைட்டு கூட காணோம். ஈரோ எங்க?"

"ஹீரோ இல்லண்ணே."

"பாட்டு?"

"இல்ல."

"பைட்டு?"

"இல்லண்ணே."

"அப்ப இன்னாதான் கீது?"

"சேர் கீது" என்றாள் ரேகா. அவர் நாற்காலியை ஒரு தட்டுத் தட்டிப் பார்த்துவிட்டு, "காலு ஆடும், பாத்து குந்து பாப்பா" என்று எனக்குச் சொல்லிவிட்டு இறங்கிப் போனார்.

முதல் டேக்கில் கண்களை அகல விரித்தேன். உதட்டைக் கடித்தேன். நெஞ்சில் கை வைத்தேன். ஜெனிஷா அக்கா, "பேய்ப் படமாடி எடுக்கறோம்?" என்றாள். இரண்டாவதில் மூச்சை வேகமாக விட்டேன். "மாடி ஏறி வந்த மாதிரி இருக்கு." ஐந்தாவதில் துலுக்கானம் மோட்டார் போட்டார். எட்டாவதில் எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. ஒன்பதாவதில் அழுகை வந்தது. அதுவும் வேண்டாமாம். "அழுதா பயம் போயிடும். எனக்குப் போகாம வேணும்."

பத்தாவதும் சரியில்லை. ரேகாவுக்குத் தோள் வலித்தது. அக்கா முகம் தொங்கிப்போனது. வெளிச்சம் சுவரில் கீழே இறங்கிக்கொண்டிருந்தது.

"கடைசியா ஒண்ணு. நீ ஒண்ணும் செய்யாத. எங்களுக்காக எதுவும் காட்டாத. உனக்கு நிஜமா எது பயமோ அதை மட்டும் நினைச்சுக்கினு சும்மா உக்காரு. நான் கேக்க மாட்டேன்."

உட்கார்ந்தேன். ஜன்னலில் ஏரி ஒரு கீற்று தெரிந்தது. 214ஆம் பக்கம் ஞாபகம் வந்தது. பிறகு கை விரலில் அந்தக் கெட்டி. பிறகு, அம்மா சாலையோரமாக நடந்துகொண்டிருக்கிறாள், திண்டிவனம் தாண்டி, சிதம்பரம் தாண்டி, காவிப் புடவையில், கட்டியும் அவளுக்குள்ளேயே கூட நடந்துகொண்டிருக்கிறது. அதற்குப் பிறகு எனக்கு ஒன்றும் ஞாபகமில்லை.

அக்கா போனை நிறுத்தினாள். ரேகா தெர்மக்கோலை மெதுவாகச் சுவரில் சாய்த்தாள். "முடிஞ்சுதா?" என்று கேட்டேன். அக்கா தலையை மட்டும் ஆட்டினாள்.

ரயிலில் எனக்கு ஜன்னல் சீட்டை விட்டுக்கொடுத்தாள். "என்ன நினைச்ச?" என்று கேட்கவில்லை. கேட்டிருந்தால் சொல்லியிருப்பேனோ?

ஜூலை 20, ஞாயிறு

குவார்ட்டர்ஸ் பெண்கள் எட்டுப் பேர் தினமும் சாயந்திரம் நடந்து பழகுகிறார்கள். அம்மா முன்னால் போகிறாள். பக்கத்துக் குடும்பங்கள் கூடி ஜெபிக்கும் அன்பியக் கூட்டத்தில் எல்லோரும் அவளைப் பாராட்டினார்கள். "ஞானகுமாரி அக்கா ஸ்பீடுக்கு நம்மால முடியாதும்மா." அம்மா வெட்கப்பட்டுச் சிரித்தாள். நானும் சிரித்தேன். இப்போதெல்லாம் என் முகம் நன்றாக மறைக்கிறது.

ஜூலை 27, ஞாயிறு

அக்காவின் லேப்டாப்பில் படத்தைப் பார்த்தேன். ஐயோ.

இரண்டரை நிமிடம் நான் அசையவே இல்லை. கண் மட்டும் ஜன்னலில். அப்புறம் என் வலது கை மடியிலிருந்து தானாக எழுகிறது. யாரோ தூக்கிவிடுகிற மாதிரி. இடது அக்குளுக்குக் கீழே போகிறது. அங்கேயே நிற்கிறது. மூன்று விரல் அழுத்திப் பார்க்கிறது. எடுக்கிறது. திரும்பப் போகிறது.

நான் அதைச் செய்ததே எனக்குத் தெரியாது.

"அந்தக் கை எங்கேர்ந்துடி வந்துச்சு? எனக்குப் புல்லரிச்சுப் போச்சு" என்றாள் அக்கா.

"அதை வெட்டிடுங்கக்கா."

"வெட்டே கிடையாதுன்னு சொன்னேன்ல. அந்தக் கைதான் படமே."

அதிகமாகக் கேட்டால் ஏன் என்று கேட்பாள். பேசாமல் வந்துவிட்டேன்.

ஆகஸ்ட் 3, ஞாயிறு

ஃபாதர் அறிவிப்பில் சொன்னார். அடுத்த ஞாயிறு இரண்டாம் பூசைக்குப் பிறகு சர்ச்சின் பங்கு மண்டபத்தில் ஜெனிஷாவின் மூன்று குறும்படங்கள். "நம் ஆஷ்லியும் நடித்திருக்கிறாள், எல்லா அன்பியத்தாரும் வந்து உற்சாகப்படுத்துங்கள்." எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். அம்மா என் தொடையில் தட்டினாள். அவள் கை சூடாக இருந்தது.

அம்மா பார்த்தால் புரிந்துகொள்வாள். நான் ஊருக்கே சொல்லிவிட்டேன் என்று நினைப்பாள். வாயால் சொன்னால்தான் சொன்னதா? கையால் சொன்னால் சத்தியம் என்ன ஆகும்?

ஆகஸ்ட் 9, சனி

"நீ வராதம்மா, எனக்குக் கூச்சமா இருக்கு" என்று சொல்லிப் பார்த்தேன். "பெத்தவ வராம வேற யாரு வருவா?" என்று புடவைக்கு இஸ்திரி போட்டாள். தலைவலி என்று நடித்தேன். மாத்திரை கொடுத்தாள்.



ஆகஸ்ட் 10, ஞாயிறு

 வரிசையாகச் சொல்கிறேன்.

மண்டபத்தில் அறுபது பேராவது இருந்தார்கள். கோபம் படத்துக்குக் கைதட்டினார்கள். வெட்கம் படத்துக்குச் சிரித்தார்கள். பிறகு நான் வந்தேன், சுவர் அளவு பெரிதாக. பின்னாலிருந்து ஒரு குரல், "சவுண்டு வரலியேப்பா." யாரோ உஸ் என்றார்கள். நான் திரையைப் பார்க்கவில்லை. பக்கத்தில் அம்மாவைப் பார்த்தேன். திரை வெளிச்சம் அவள் முகத்தில் இருந்தது.

கை எழுந்தது. அம்மாவின் வாய் லேசாகத் திறந்தது. அவள் என்னைத் திரும்பிப் பார்த்தாள். கோபமாக இல்லை. அப்படி ஒரு முகத்தை நான் பார்த்ததே இல்லை. ஜெனிஷா அக்கா தேடிய பயம் அதுதான். நான் பதினோரு டேக்கில் கொடுத்தது ஒன்றுமே இல்லை.

எல்லோரும் கைகொடுத்தார்கள். அப்பா, "ஒண்ணும் புரியல, ஆனா கண்ண எடுக்க முடில" என்றார். அம்மா என் மணிக்கட்டை விடவே இல்லை. வீட்டுக்கு வந்ததும் உள் அறைக்கு இழுத்துப் போய்த் தாழ் போட்டாள்.

"கையைத் தூக்கு."

"எதுக்கும்மா?"

"தூக்குடி!"

என் இடது அக்குளைத் தடவினாள். அழுத்தினாள். திரும்பத் திரும்ப. அவள் விரல்கள் ஜில்லென்று இருந்தன. அப்போதுதான் எனக்குப் புரிந்தது. நான் சொல்லிவிட்டேன் என்று அவள் நினைக்கவில்லை. எனக்கும் வந்துவிட்டது என்று நினைக்கிறாள்.

"எத்தனை நாளா இருக்குது? எங்கிட்ட ஏன்டி சொல்லல?"

எனக்கு ஒன்றுமில்லை, உன்னைத்தான் நினைத்தேன் என்று சொல்ல வாயைத் திறந்தேன். மூடிவிட்டேன். ஒன்றுமில்லை என்றால் நாளைக்கும் அவள் நடந்து பழகத்தான் போவாள்.

"தெரியலம்மா," என்றேன். "அழுத்தினா உள்ள லேசா... என்னமோ இருக்கற மாதிரி."

நன்றாகச் சொன்னேன். ஒரே டேக். கண்ணைக்கூடத் தாழ்த்திக்கொண்டேன்.

அம்மா கட்டில் ஓரமாக உட்கார்ந்துவிட்டாள். "காலையில முதல் டோக்கன் நம்மளுது" என்றாள்.

ஆகஸ்ட் 11, திங்கள்

மார்க்கெட் பக்கம் ஒரு லேடி டாக்டர். மூன்றாவது டோக்கன்தான் கிடைத்தது. அம்மா காத்திருந்த நேரமெல்லாம் என் தலையைத் தடவிக்கொண்டே இருந்தாள்.  டாக்டர் என் பொய்யைக் கண்டுபிடித்துவிட்டு எங்களை அப்படியே அனுப்பிவிட்டால்?

டாக்டர் என்னைப் படுக்கவைத்துப் பொறுமையாகப் பார்த்தார். "ஒண்ணுமே இல்லையேம்மா."

"நல்லாப் பாருங்க டாக்டர்" என்றாள் அம்மா. "மொதல்ல கைக்குத் தெரியாது. சின்னதா உருளும். அப்புறம் அசையாம நின்னுடும். வலியே இருக்காது."

டாக்டர் நிமிர்ந்தார். "உங்களுக்கு எப்படித் தெரியும்?"

அம்மா முந்தானையை இடது தோளில் இழுத்துவிட்டுக்கொண்டாள்.   நான் அம்மாவின் இடது கையைப் பார்த்தேன். பார்த்துக்கொண்டே இருந்தேன். டாக்டர் என் கண் போன இடத்தைப் பார்த்தார்.

"பாப்பா, நீ இறங்கு. அம்மா, நீங்க ஏறிப் படுங்க."

வெளியே வந்ததும் வெயிலில் கண் கூசியது. ஷேர் ஆட்டோ ஸ்டாண்டு வரை அம்மா எனக்கு முன்னால் நடந்தாள். பிறகு நின்று கேட்டாள். "உனக்கு ஒண்ணும் இல்லல்ல?"

"இல்லம்மா."

"எங்கிட்டயே நடிச்சியாடி?"

ஆகஸ்ட் 12, செவ்வாய்

அம்மா என்னோடு பேசவில்லை.

ஆகஸ்ட் 13, புதன்

டாக்டர் கணவரை அழைத்துவரச் சொல்லியிருந்ததால் அப்பாவுக்குத் தெரிந்துவிட்டது. கத்துவார் என்று நினைத்து நான் சமையலறையில் நின்றேன். கத்தவில்லை. "நாலு மாசமா எம் பக்கத்துலதான படுத்துக்கினு இருந்த, ஞானம்" என்று மட்டும் சொன்னார். பிறகு சட்டையை மாட்டிக்கொண்டு வெளியே போய், காம்பவுண்டு கேட்டைப் பிடித்துக்கொண்டு நின்றார். ஜேசுராஜ் என்று அப்பா பெயரைச் சொன்னால் ஃபேக்டரியில் எல்லோரும் பயப்படுவார்கள். முதுகைப் பார்த்தால் யாரோ சின்னப் பையன் மாதிரி இருந்தது.

ஊசி போட்டுச் சதை எடுத்திருக்கிறார்கள். ரிப்போர்ட்டுக்கு ஒரு வாரம்.

ஆகஸ்ட் 16, சனி

பாவசங்கீர்த்தனம். பொய் சொன்னேன், சத்தியத்தை மீறினேனா என்று தெரியவில்லை என்று சொன்னேன். ஃபாதர் மூன்று 'அருள் நிறைந்த மரியே' ஜெபம் சொல்லச் சொன்னார். முப்பது சொன்னேன். பயம் குறையவில்லை.

ஆகஸ்ட் 17, ஞாயிறு

முதல் பூசை முடிந்ததும் நடைப்பயணக்காரர்கள் கிளம்பினார்கள். கொடி, சின்னத் தேர், மைக்கில் பாட்டு. அம்மா நைட்டியோடு ஜன்னலில் நின்று பார்த்தாள். எட்டுப் பேரில் ஏழு பேர். கடைசி ஆள் தெருமுனை திரும்பும்வரை நின்றாள். காவிப் புடவை பிரிக்காமல் கட்டில் மேல் இருந்தது.

நேர்ச்சையைக் கெடுத்தது நான்தான். ரிப்போர்ட்டில் என்ன வந்தாலும் அம்மா அப்படித்தான் நினைப்பாள். நானும்.

மத்தியானம், ஆறு நாளுக்குப் பிறகு, என்னிடம் பேசினாள். "தயிருக்கு உறை ஊத்துனியா?"

ஊற்றியிருந்தேன்.

ஆகஸ்ட் 21, வியாழன்

அதுதான். புற்று.

இந்தச் சொல்லை எழுதவே இத்தனை நாள் பயந்தேன். இரண்டாம் நிலையாம். இன்னும் சில மாதம் விட்டிருந்தால் பேச்சே வேறு என்றார் பெரிய ஆஸ்பத்திரி டாக்டர். கத்தி என்றதும் அம்மா எழுந்துவிட்டாள். "எங்கக்கா..." அந்த டாக்டர் கேட்டார், "உங்கக்கா எந்த நிலையில வந்தாங்க?" அம்மாவுக்குத் தெரியவில்லை. போன் போட்டுப் பெரியப்பாவிடம் கேட்டாள். பெரியம்மா புண்ணாகி ஒழுக ஆரம்பித்த பிறகுதான் போனாளாம். அதுவரை மறைத்திருந்தாளாம்.

அம்மா போனை மடியில் வைத்தாள். பிறகு உட்கார்ந்தபடியே அப்பாவிடம், "கையெழுத்துப் போடுங்க" என்றாள்.

ஆகஸ்ட் 27, புதன்

காலை 9.10க்கு உள்ளே கொண்டுபோனார்கள். 1.40 ஆகிவிட்டது. கதவில் ஒரு சிவப்பு விளக்கு. அதையே பார்த்துக்கொண்டு

அப்புறம் எழுதுகிறேன்.

ஆகஸ்ட் 29, வெள்ளி

வார்டு டிவியில் கொடியேற்றம் போட்டார்கள். அம்மா கண்ணை மூடியிருந்தாள். தூங்குகிறாள் என்று நினைத்தேன். உதடு அசைந்துகொண்டிருந்தது. கொடி ஏறி முடித்ததும் கண்ணைத் திறக்காமலே, "ஆஷ்லி, அந்தப் படத்துல நீ என்னைத்தான் நினைச்சுக்கினு இருந்தியா?" என்றாள்.

ஆமாம் என்றேன்.

"பாவி மவளே" என்று என் விரல்களைப் பிடித்துக்கொண்டாள்.

செப்டம்பர் 14, ஞாயிறு

ஜெனிஷா அக்காவும் ரேகாவும் ஆரஞ்சுப் பழத்தோடு வந்தார்கள். அக்காவிடம் எல்லாவற்றையும் சொன்னேன். அவள் அழுதாள். "நான் பாட்டுக்கு, கைதான் படமேன்னு சொல்லிட்டேனேடி." போகும்போது மெதுவாகக் கேட்டாள், அடுத்த படம் நிம்மதி, நடிக்கிறாயா என்று. எனக்கு அது எப்படி இருக்கும் என்று தெரியவில்லை, வேறு யாரையாவது கேளுங்கள் என்றேன்.

செப்டம்பர் 21, ஞாயிறு

வியாழக்கிழமையிலிருந்து கீமோ மருந்து ஏற்ற வேண்டும். முடி கொட்டும், வாந்தி வரும் என்று சொல்லியிருக்கிறார்கள். 214ஆம் பக்கத்துக்கு அடுத்த பக்கங்களையும் படித்துவிட்டேன். பயம் இருக்கிறது. ஆனால் இப்போது வீட்டில் மூன்று பேருக்கும் ஒரே பயம். சாப்பிடும்போது அதைப் பற்றிப் பேசுகிறோம்.

இடது கை இறுகிவிடாமல் இருக்க, அம்மா சுவரைப் பார்த்து நின்று விரல்களை ஒவ்வொன்றாக மேலே நடத்தவேண்டும். காலையில் பத்து முறை, மாலையில் பத்து முறை. முதல் நாள் இடுப்புக்கு மேல் போகவில்லை. அப்பா தினமும் விரல் நின்ற இடத்தில் பென்சிலால் கோடு போடுகிறார். ஃபிட்டர் என்பதால் ஸ்டீல் ஸ்கேல் வைத்து அளக்கிறார். குவார்ட்டர்ஸ் சுவரைக் கெடுக்காதீர்கள் என்று அம்மா திட்டுகிறாள்.

இன்று விரல்கள் தோள் உயரத்தில் நின்றன. நடுங்கின. அம்மாவின் கன்னத்தில் வேர்வை.

"நேத்தைக்கு மேல எவ்ளோ?" என்றாள், சுவரைப் பார்த்தபடியே.

"பதினாலு மில்லி."

"பொய் சொல்றீங்க."

"ஸ்கேலு சொல்லுது, ஞானம். நானா சொல்றேன்?"

நான் பக்கத்தில்தான் நின்றிருந்தேன். ஸ்கேலில் ஆறு இருந்தது. அப்பா என்னைப் பார்த்தார். நான் பென்சிலை வாங்கி, கோட்டுக்குப் பக்கத்தில் இன்றைய தேதியை எழுதினேன்.